வாசகர் கேள்வி – பதில்: கையையே முகமாக்கிய சென்யோர் வென்செஸ்

சென்ற இதழில் அமெரிக்கத் தொலைக்காட்சியின் பழைய பல்சுவை நிகழ்ச்சிகளைப் பற்றிக் கொஞ்சம் எழுதியிருந்தோம். வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஒரே ஆளைப் பற்றிக் கேட்டவை. அதனால் இந்த இதழ்ப் பகுதி முழுக்க அவருக்கும் அவர் தொழிலுக்கும்.

கோயம்புத்தூர் வாசகர்: முஷ்டியில் லிப்ஸ்டிக் பூசி அதோடு பேசுகிற ஒரு வெளிநாட்டுப் பெரியவரின் பழைய கறுப்பு வெள்ளைக் காட்சி அடிக்கடி கண்ணில் படுகிறது. யார் அவர்?

சென்யோர் வென்செஸ். இயற்பெயர் வென்செஸ்லாவ் மொரேனோ. 1896 ஏப்ரலில் ஸ்பெயினின் சாலமன்கா மாகாணத்தில் பிறந்தவர். இளமையில் காளைச் சண்டைக்குப் போய் அடிபட்டவர், பந்தும் தட்டும் சுழற்றுகிற வித்தைக்காரர், கடைசியில் பேசும் பொம்மைக்காரர். 1930களின் நடுவில் அமெரிக்கா வந்து சேர்ந்தார். அது சரியான நேரமில்லை. ஊர் ஊராகப் போய் மேடை போடும் வாடெவில் தொழில் அங்கே அப்போது படுத்துக்கொண்டிருந்தது. அதன் தலைமைப் பீடமான நியூயார்க் பேலஸ் அரங்கமே 1932இல் முழுநேர வாடெவிலை விட்டுவிட்டுச் சினிமாவுக்குப் போய்விட்டது. இரவு விடுதிகள்தான் அவருக்குச் சோறு போட்டன. 1947இல் ஒரு ஹாலிவுட் இசைப் படத்திலும் தலைகாட்டினார். பிறகு தொலைக்காட்சி வந்தது. சி.பி.எஸ். அலைவரிசையில் ஞாயிறு இரவு எட்டு மணிக்கு எட் சல்லிவன் என்பவர் நடத்திய பல்சுவை நிகழ்ச்சியில் மட்டும் அவர் 48 முறை தோன்றினார் என்பது கணக்கு.

திருச்சி வாசகி: பள்ளி ஆண்டு விழாவுக்கு என் மகன் அந்தக் கைப் பொம்மையைச் செய்ய ஆசைப்படுகிறான். எப்படிச் செய்வது?

அந்தப் பொம்மைக்குப் பெயர் ஜானி. வென்செஸ் அதை வீட்டிலிருந்து செய்து எடுத்துவர மாட்டார். பார்வையாளர் முன்னாலேயே வரைவார். பாதிச் சுவை அந்த வரைதலில்தான் இருக்கிறது, அதைத் திரைக்குப் பின்னால் முடித்துவிடாதீர்கள்.

இடது கையை முஷ்டியாக மடக்கச் சொல்லுங்கள் (வலது கைப் பழக்கம் உள்ளவனாக இருந்தால்). கட்டைவிரல் உள்ளே போகாமல், வளைந்த ஆள்காட்டி விரலுக்கு வெளிப்பக்கமாக, அதை ஒட்டிப் படுத்திருக்க வேண்டும். ஆள்காட்டி விரல் மேல் உதடு, கட்டைவிரல் கீழ் உதடு. இரண்டும் சந்திக்கிற விளிம்பில் லிப்ஸ்டிக். அதற்கு மேலே ஆள்காட்டி விரலின் அடிப்பக்கத்தில் இரண்டு கண், கண்மையே போதும். முஷ்டியின் தலையில் ஒரு சின்ன முடித் தொப்பி. தலையில்லாத ஒரு பொம்மை உடலின் கழுத்தில் இந்த முஷ்டியைக் கொண்டுபோய் வைத்தால் ஆள் தயார். கட்டைவிரலை இறக்கினால் வாய் திறக்கும், ஏற்றினால் மூடும்.

எங்கே கெடும் என்றால், முதலில் லிப்ஸ்டிக். பளபளப்பான, எண்ணெய்ப் பசையுள்ள வகை நாலு வசனத்தில் இழுபட்டு மேவாய் வரை வந்துவிடும். மேட் வகை வாங்குங்கள். பூசுவதற்கு முன் கையைச் சோப்புப் போட்டுக் கழுவி, ஈரம் போகத் துடைத்து, மெல்லப் பவுடர் தட்டிக்கொள்ளுங்கள். பதற்றத்தில் பிள்ளைகளுக்கு உள்ளங்கை வேர்க்கும் என்பதையும் சேர்த்துத்தான் சொல்கிறோம்.

இரண்டாவது, வாய் அசைவு. பிள்ளைகள் ஒவ்வொரு எழுத்துக்கும் கட்டைவிரலை ஆட்டுவார்கள், பார்க்கிறவருக்கு அது வாய் கோணியதுபோல இருக்கும். அசைக்கு ஒரு திறப்புப் போதும்: ‘சாப்டியா’ என்றால் மூன்று. நெடிலுக்கு அகலமாக, குறிலுக்கு மேலோட்டமாக. இன்னொன்று, முகத்தை ஆட்ட மணிக்கட்டு வேண்டும். கேள்வி கேட்டால் ஜானி திரும்பிப் பார்க்க வேண்டும், கோபம் வந்தால் முகத்தைத் திருப்பிக்கொள்ள வேண்டும். பொம்மை பேசாத நேரத்தில் கை செத்துக் கிடந்தால் அது பொம்மையாக இல்லாமல் வெறும் முஷ்டியாகிவிடும்.

மூன்றாவது, யாரும் யோசிக்காதது: பள்ளி மேடையில் ஐந்தாவது வரிசைக்குப் பின்னால் இந்த முகம் தெரியவே தெரியாது. கேமராவும் திரையும் இருந்தால் கையை நெருக்கமாகக் காட்டச் சொல்லுங்கள். இல்லாவிட்டால் வகுப்பறை அளவு இடத்தில் செய்யட்டும்.

திருநெல்வேலி வாசகர்: உதடு அசையாமல் பேசுவது எப்படி? ஆங்கிலப் புத்தகங்கள் பி, எம், வி என்று என்னவோ சொல்கின்றன. தமிழில் எந்தெந்த எழுத்து தொல்லை?

ப, ம, வ. மூன்றே மூன்று, ஆனால் இந்த மூன்றும் இல்லாமல் ஒரு நிமிஷம் தமிழ் பேசிப் பாருங்கள். கூடவே உ, ஊ, ஒ, ஓ ஆகியவற்றுக்கு உதடு குவியும். அதைக் கொஞ்சம் தட்டையாகச் சொன்னால் யாரும் கண்டுபிடிக்க மாட்டார்கள், விட்டுவிடலாம்.

முதலில் வாயின் நிலை. மேல்பல் வரிசையும் கீழ்பல் வரிசையும் பட்டும் படாமல். உதடுகள் லேசாகப் பிரிந்து, இலேசான புன்னகையில் நிற்க வேண்டும். இறுக்கிப் பிடித்தால் உதடு துடிக்கும், அந்தத் துடிப்பே காட்டிக்கொடுக்கும். இந்த நிலையில் கண்ணாடி முன் நின்று அ, ஆ, இ, ஈ, ஏ, ஐ சொல்லுங்கள். பிறகு க, ச, ட, த, ந, ர, ல வரிசைகள். இவை எல்லாம் நாக்கின் வேலை, உதட்டுக்கு இதில் பங்கில்லை. நாள்தோறும் பத்துப் பதினைந்து நிமிஷம் போதும். அதற்கு மேல் போனால் தாடை கடுக்கும்.

பிறகு மாற்று எழுத்துகள். ‘ப’வுக்குத் ‘த’: நாக்கு நுனியை மேல்பல்லின் பின்னால் வைத்து, கொஞ்சம் காற்றைத் தேக்கி விடுங்கள். ‘ம’வுக்கு ‘ந’, நாக்கைப் பல்லில் அகலமாகப் பதித்து மூக்கில் முனகலை ஒரு கணம் நீட்டினால் ம போலவே காதில் விழும். ‘வ’வுக்கு ‘அது’ என்ற சொல்லில் வருகிற மெத்தென்ற ‘து’வின் ஒலி. சொல்லும்போது மனதில் மூல எழுத்தையே நினைத்துக்கொள்ள வேண்டும் என்பது இந்தத் தொழிலில் எல்லோரும் சொல்வது. கேட்க மந்திரம் மாதிரி இருந்தாலும் காரணம் உண்டு: நினைப்புக்கு ஏற்ப நாக்கும் மூச்சும் தானாகக் கொஞ்சம் நெகிழ்ந்துகொடுக்கும்.

தமிழில் தனித் தொல்லை இந்த எழுத்துகள் இரட்டித்தோ அடுத்தடுத்தோ வருகிற இடங்கள். ‘அம்மா’, ‘அப்பா’, ‘தம்பி’, ‘பாப்பா’ போன்ற சொற்களில் மாற்று எழுத்து நெடுநேரம் நிற்பதால் அம்பலமாகிவிடும். பொம்மை ‘அப்பா’ என்றால் ‘அத்தா’ என்று கேட்கும். ஆகவே வசனம் எழுதும்போதே தப்பித்துக்கொள்ளுங்கள். உறவுமுறையில் தாத்தா, அண்ணா, அக்கா, அத்தை, சித்தி எல்லோரும் உதட்டுக்கு நல்லவர்கள். அம்மா, அப்பா, மாமா, பாட்டி நால்வரும் ஆகாதவர்கள். பொம்மைக்குத் தாத்தாவைக் கொடுத்துவிடுங்கள். ‘என்ன’, ‘ஏன்’, ‘எங்க’, ‘இல்ல’, ‘சரி’, ‘தெரியாது’ இவற்றை வைத்தே ஒரு பிடிவாதக்காரப் பிள்ளையை உருவாக்கிவிடலாம்.

பேச்சுத் தமிழ் நமக்கு ஒரு சலுகையும் தந்திருக்கிறது. ‘மரம்’, ‘வரும்’, ‘காலம்’ என்று எழுதுகிறோமே தவிர, பேசும்போது அந்தக் கடைசி ம்முக்கு யாரும் உதட்டை மூடுவதில்லை, மூக்கொலியோடு விட்டுவிடுகிறோம். எழுத்துத் தமிழில் வசனம் பேசுகிற பொம்மை மாட்டிக்கொள்ளும். வீட்டுத் தமிழ் பேசுகிற பொம்மை பாதித் தூரம் தானாகவே தப்பிவிடும்.

தவிர்க்கவே முடியாத ப, ம சொல்லை வாக்கியத்தின் நடுவில் மறைத்து வையுங்கள். முன்னும் பின்னும் தெளிவாக இருந்தால் கேட்பவர் காதே திருத்திக்கொள்ளும். அல்லது அந்தச் சொல்லை முதலில் நீங்கள் சொல்லிவிடுங்கள்: “மாம்பழம் வேணுமா?” “மாம்பழமா!” முன்பே காதில் விழுந்த சொல் என்பதால் பொம்மை எப்படிச் சொன்னாலும் மாம்பழம்தான்.

சேலம் வாசகர்: குரலை எறிவது என்கிறார்களே, உண்மையிலேயே குரல் வேறு இடத்திலிருந்து வருமா?

வராது. குரல் பேசுகிறவர் வாயிலிருந்துதான் வருகிறது. ஒலி எங்கிருந்து வருகிறது என்று முடிவு செய்வதில் நம் கண்ணுக்குக் காதைவிடச் செல்வாக்கு அதிகம். அசைகிற வாய் எதுவோ, அதுதான் பேசுகிறது என்று மூளை தீர்ப்பு எழுதிவிடுகிறது. சினிமா அரங்கில் ஒலிபெருக்கி எங்கேயோ இருக்க, நாயகன் வாயிலிருந்து வசனம் வருவதாக நாம் நம்புவதும் இதனால்தான். 1976இல் மெக்கர்க், மெக்டொனால்ட் என்ற இரு ஆய்வாளர்கள் இன்னொன்றும் காட்டினார்கள்: ‘பா’ என்ற ஒலியோடு ‘கா’ சொல்லும் உதட்டைக் காட்டினால் பலருக்கு ‘டா’ என்று கேட்கிறது. மேலே சொன்ன மாற்று எழுத்துகள் செல்லுபடியாவதற்கும் இந்த மாதிரியான கண் காது கூட்டுச்சதிதான் துணை.

காரைக்குடி வாசகர்: வென்செஸின் நிகழ்ச்சியில் பெட்டிக்குள் ஒரு தலை இருக்குமே, அது ஏன் தலை மட்டும்?

அதன் பெயர் பெத்ரோ. 1936இல் சிகாகோவுக்குப் போகிற வழியில் ரயில் விபத்தில் வென்செஸின் முழு உருவப் பொம்மை நொறுங்கிவிட்டது, தலை மட்டும் மிஞ்சியது, அதை அப்படியே பெட்டிக்குள் வைத்து மேடையேற்றிவிட்டார் என்பதுதான் அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் சொல்லும் வரலாறு.

நஷ்டத்தை நடிப்பாக்கினார் என்று பாராட்டிவிட்டுப் போவது எளிது. அதில் தொழில் நுட்பமாக என்ன லாபம் என்று பாருங்கள். பெட்டி மூடியிருக்கும்போது குரல் அமுங்கி வர வேண்டும், கதவைத் திறந்த நொடியில் தெளிவாக வர வேண்டும், மூடியதும் மறுபடி அமுங்க வேண்டும். கதவு கையில், குரல் தொண்டையில். இரண்டும் ஒரே இமைப்பில் மாறினால் உள்ளே ஆள் இருக்கிறான் என்று சத்தியம் செய்வீர்கள். அரை நொடி பிந்தினால் எல்லாம் போச்சு. பழகுவதற்கு: கனமான மூட்டையைத் தூக்கும்போது வருகிற முனகல் இருக்கிறதே, அதுபோல வயிற்றை இறுக்கி, நாக்கின் பின்பகுதியை மேலண்ணத்தை நோக்கித் தூக்கி, ‘ஆஆ’ என்று நீட்டுங்கள். ஒலி தொண்டைக்குள்ளேயே சிக்கிக்கொண்டதுபோல வரும். அதுதான் மூடிய பெட்டி. நாக்கை இறக்கினால் பெட்டி திறந்துவிடும்.

வென்செஸ் கதவைத் திறந்து “எஸ் ஆல் ரைட்?” என்பார், பெத்ரோ கரகரத்த குரலில் “எஸ் ஆல் ரைட்!” என்பான், கதவு அறைந்து மூடும். அமெரிக்காவே திருப்பிச் சொன்ன வசனம் அது. அதில் ப, ம, வ மூன்றும் கிடையாது என்பதைக் கவனித்தீர்களா? ஸ்பானிய வாடை அடிக்கிற அவர் ஆங்கிலம் அவருக்குக் குறையாக இருக்கவில்லை, சரக்காகவே இருந்தது.

சென்னை வாசகர்: ஏறத்தாழ ஒரே நிகழ்ச்சியையே பல ஆண்டுகள் செய்தாராமே. தொலைக்காட்சியில் அது எப்படிச் சலிக்காமல் போனது?

நல்ல கேள்வி. மேடைக் காலத்தில் ஒரு கலைஞன் எட்டுப் பத்து நிமிஷச் சரக்கை வைத்துக்கொண்டு ஆயுள் முழுக்கப் பிழைக்கலாம். இந்த வாரம் ஓர் ஊர், அடுத்த வாரம் வேறு ஊர், திரும்ப வருவதற்குள் ஜனங்கள் மறந்திருப்பார்கள். தொலைக்காட்சி ஒரே இரவில் அந்தச் சரக்கை நாடு முழுவதற்கும் பரிமாறிவிட்டது. நகைச்சுவைத் துணுக்கை நம்பியிருந்தவர்கள்தான் முதலில் காலியானார்கள். முடிவு தெரிந்த துணுக்கை யார் மறுபடி கேட்பார்கள்?

வென்செஸின் சரக்குக்கு முடிவு என்று ஒன்று இல்லை. ஜானிக்கும் அவருக்கும் சண்டை, நடுவில் பெத்ரோவின் குறுக்கீடு, தொலைபேசி மணி, சுழலும் தட்டு. அவர் சொந்தக் குரல், ஜானியின் கீச்சுக்குரல், பெத்ரோவின் கரகரப்பு மூன்றும் மூச்சு விடாமல் மாறி மாறி வரும். நல்ல நாகஸ்வரக்காரர் அதே ராகத்தை வாசிக்கிறார் என்று யாரும் எழுந்து போவதில்லை அல்லவா, அந்த வகை ரசனை இது. என்ன நடக்கும் என்று தெரியும், எவ்வளவு வேகமாக நடக்கும் என்பதைப் பார்க்கத்தான் உட்கார்ந்திருப்பார்கள்.

அதோடு, எங்கள் பார்வையில் முக்கிய காரணம், அளவு. இரண்டாயிரம் பேர் உட்காரும் அரங்கத்தில் ஒரு முஷ்டி என்பது புள்ளி. 1950களின் சின்னத் திரையில் கேமரா நெருங்கினால் அந்த முஷ்டி ஒரு மனித முகத்தின் அளவுக்கு வந்துவிடும். கூட்ட நடனமும் பெரிய மந்திரக் காட்சியும் அந்தத் திரையில் சுருங்கிப்போக, ஜானி மட்டும் வளர்ந்தான். தொலைக்காட்சி வருவதற்குப் பல ஆண்டுகள் முன்பே தொலைக்காட்சிக்கான பொம்மையை அவர் கையில் வைத்திருந்தார்.

மூன்றாவது, இடைவெளி. சல்லிவன் நிகழ்ச்சி 1948 முதல் 1971 வரை ஓடியது. 48 முறை என்பது பெரிய எண்ணாகத் தெரிந்தாலும் பரப்பிப் பார்த்தால் ஆண்டுக்கு இரண்டு மூன்று தடவைதான். அதுவும் தடவைக்குச் சில நிமிஷம். பகலில் பார்வையாளர் முன்பாகவே ஒத்திகை நடக்கும். அதைப் பார்த்துவிட்டுச் சல்லிவன் நேரத்தை வெட்டுவார், வரிசையை மாற்றுவார், ஆளையே எடுத்தும்விடுவார். இரவு நேரடி ஒளிபரப்பு. ‘ஆறு நிமிஷத்தை நாலாக்கு’ என்றால் உடனே ஆக்கத் தெரிந்தவர்களைத்தான் மறுபடி கூப்பிடுவார்கள். வென்செஸின் நிகழ்ச்சி துண்டு துண்டாகக் கழற்றி மாட்டக்கூடியது: தட்டை எடுத்துவிடலாம், தொலைபேசியை எடுத்துவிடலாம், ஜானியும் பெத்ரோவும் இருந்தால் கதை நிற்கும்.

மதுரை வாசகர்: வானொலியில்கூடப் பொம்மைக்காரர்கள் பிரபலமாக இருந்தார்களாமே? உதடே தெரியாத இடத்தில் என்ன வித்தை?

அமெரிக்காவில் எட்கர் பெர்கன், 1937 முதல் இருபதாண்டுக் காலம் வானொலியின் பெரும் நட்சத்திரங்களில் ஒருவர். பிரிட்டனில் பீட்டர் பிரோ. இருவருக்குமே உதடு அசையும் என்ற கேலி உண்டு. பெர்கனின் பொம்மையே அவரை அதைச் சொல்லிக் கேலி செய்யும். வானொலியில் விற்றது பொம்மையின் குணம். உதட்டை அல்ல, வசனத்தைத்தான் ஜனங்கள் கேட்டார்கள். நியாயம்தான்.

ஈரோடு வாசகி: தட்டுச் சுழற்றும்போது எப்படி விழாமல் நிற்கிறது? சாதாரணத் தட்டில் செய்யலாமா?

சுழல்கிற பொருள் தன் அச்சை விட்டுக்கொடுக்காது, பம்பரம் நிற்பது எதனாலோ அதனால்தான் இதுவும். உராய்வில் வேகம் குறையக் குறையத் தட்டு தலையாட்ட ஆரம்பிக்கும். ஆட்டம் பெரிதாகும்போது கம்பை மறுபடி சுழற்றி வேகம் கொடுக்க வேண்டும். எத்தனை தட்டு என்பதைத் தீர்மானிப்பது ஓட்டம்: கடைசித் தட்டை ஏற்றிவிட்டுத் திரும்புவதற்குள் முதல் தட்டு விழக்கூடாது. சல்லிவன் நிகழ்ச்சியில் எரிக் பிரென் என்பவர் நாலடிக் கம்புகளில் ஐந்து கண்ணாடிக் கிண்ணங்களையும் கூடவே மேஜையில் எட்டுத் தட்டுகளையும் சுழலவிட்டு ஓடுவார். வென்செஸ் அத்தனை ஏற்ற மாட்டார், ஆனால் சுழற்றிக்கொண்டே பொம்மையோடு சண்டை போடுவார்.

சாப்பாட்டுத் தட்டு வேண்டாம். வித்தைக்கென்று விற்கிற பிளாஸ்டிக் தட்டின் அடியில் ஆழமான வளையமும் நடுவில் ஒரு குழியும் இருக்கும். கம்பின் முனையை வளையத்தின் உட்பக்கத்தில் மாட்டித் தட்டைத் தொங்கவிடுங்கள். கம்பை நேராகப் பிடித்து மணிக்கட்டால் மட்டும் வட்டமிடுங்கள், முதலில் மெதுவாக. தட்டு சமநிலைக்கு எழும்பியதும் சட்டென்று கையை நிறுத்தினால் முனை தானே வழுக்கி நடுக்குழிக்குப் போய்விடும். பலர் தோற்பது முழங்கையை ஆட்டுவதால். வட்டம் பெரிதாகித் தட்டு பறந்துவிடும்.

தஞ்சாவூர் வாசகர்: சல்லிவன் நிகழ்ச்சியில் பீட்டில்ஸ் இசைக்குழு முதன்முதலில் பாடிய அன்று வேறு யார் யார் வந்தார்கள்?

1964 பிப்ரவரி 9. பார்த்தவர்கள் 7 கோடியே 30 லட்சம் பேர் என்பது மதிப்பீடு. அவர்கள் முதல் சுற்றுப் பாடி முடித்ததும் வந்தவர் ஃபிரெட் காப்ஸ் என்ற டச்சு மாயாஜாலக்காரர். உலக மாயாஜாலப் போட்டியின் உச்சப் பரிசை மூன்று முறை வென்றவர். அன்று அவர் சீட்டும் உப்புக் குப்பியும் வைத்துச் செய்தது அருமையான வேலை. யாருக்கு நினைவிருக்கிறது? பாவம், வரிசை எண் அப்படி அமைந்துவிட்டது.

புதுச்சேரி வாசகர்: பழைய பதிவுகள் ஏன் இவ்வளவு மங்கல்?

காந்த ஒளிநாடா 1956இல்தான் வந்தது. அதற்கு முன் நேரடி ஒளிபரப்பைப் பாதுகாக்க ஒரே வழி, திரையில் ஓடுவதை எதிரே சினிமா கேமராவை வைத்துப் படம் பிடிப்பது. கினெஸ்கோப் என்பார்கள். படத்தைப் படமெடுத்தால் இப்படித்தான் இருக்கும்.

நாகர்கோவில் வாசகர்: நிகழ்ச்சி நின்றபின் வென்செஸ் என்ன ஆனார்?

1971இல் அவருக்கு 75 வயது. ஓய்வெடுக்கவில்லை. பாரிஸின் கிரேஸி ஹார்ஸ் விடுதியில் மேடையேறினார், 1980இல் ‘மப்பெட் ஷோ’வில் துணிப் பொம்மைகளோடு வந்தார். 1999 ஏப்ரலில், 103 வயது நிறைந்த சில நாட்களில் நியூயார்க்கில் காலமானார். சல்லிவன் அரங்கத்தை ஒட்டிய 54ஆவது தெருவின் ஒரு பகுதிக்கு அவர் பெயர் வைத்திருக்கிறார்கள்.

வேலூர் வாசகர்: கீச்சுக்குரலில் பழகினால் தொண்டை கட்டிக்கொள்கிறதே?

கத்துகிறீர்கள். பொம்மைக் குரலுக்கு உயரம் வேண்டும், சத்தம் வேண்டாம், மைக் இருக்கிறது. காற்று வயிற்றிலிருந்து வரட்டும், கழுத்து நரம்பு புடைத்தால் நிறுத்துங்கள். ஐந்து நிமிஷம் பேசினால் ஐந்து நிமிஷம் விடுங்கள், வெதுவெதுப்பான தண்ணீர் குடியுங்கள். கரகரப்பு இரண்டு வாரத்துக்கு மேல் நீடித்தால் காது மூக்கு தொண்டை மருத்துவரிடம் காட்டிவிடுங்கள். கரகரப்பான பெத்ரோ குரலைப் பயிற்சியின் கடைசியில், கொஞ்சமாக வைத்துக்கொள்ளுங்கள். தொண்டையை அதிகம் அரிப்பது அதுதான்.

அதே வேலூர் வாசகர்: லிப்ஸ்டிக்குக்குப் பதில் மார்க்கர் பேனா?

அழியாத மார்க்கர் மட்டும் வேண்டாம். தோலுக்கும் நல்லதில்லை, மறுநாள் அலுவலகத்தில் கைகொடுக்கிற ஒவ்வொருவருக்கும் விளக்கம் சொல்ல வேண்டியிருக்கும். முகத்துக்குப் பூசுகிற வண்ணம் கடையில் கிடைக்கும், தேங்காய் எண்ணெய் தொட்டுத் துடைத்தால் போய்விடும்.